நங்கை முடிச்சு

முதன்முதலில் நான் முடிச்சுப் போட்டு நிறுத்தியது தண்ணீர் லாரி ஓட்டுகிற அங்கமுத்தண்ணனை, அதுவும் தெரியாமல்தான். எங்கள் கருப்பராயன் வீதி ஒரு முட்டுச்சந்து. உள்ளே வருவதற்கும் வெளியே போவதற்கும் ஒரே வாய், அந்த வாயில் ஒரு டிரான்ஸ்பார்மர், அதைத் தாண்டினால் பேக்கரி, பஸ் ஸ்டாப், பனியன் கம்பெனிகள், அப்புறம் மற்ற எல்லா ஊர்களும். அன்றைக்கு என் இரண்டாவது டிரம் பாதி நிறைந்திருந்தது. நான் ஜன்னல் கம்பியில் கட்டித் தொங்கவிட்ட குச்சிக்கு முன்னால் உட்கார்ந்து, செல்போனில் மேக்ரமே என்கிற கயிற்று முடிச்சு வேலையின் முதல் பாடத்தைப் பார்த்துக்கொண்டே, டிரம் நிறைவதற்குள் லாரி கிளம்பிவிடுமோ என்கிற கவலையில் "அங்கமுத்தண்ணன் போயிறக்கூடாது, அங்கமுத்தண்ணன் போயிறக்கூடாது" என்று வாய்க்குள் சொல்லியபடி கயிற்றை இறுக்கினேன். டிரம் நிறைந்தது, லாரி கிளம்பியது, டிரான்ஸ்பார்மர் வரை போனது, அங்கே எதையோ மறந்துவிட்ட ஆள் போல அங்கமுத்தண்ணன் பிரேக்கை மிதித்து, தலையைச் சொறிந்து, பின்னாலேயே எடுத்து வந்து என் வாசலில் நிறுத்தினார். அப்படி மூன்று நாள் நிறுத்தினார்.

"ஏனுங்ண்ணா, லாரி ரிப்பேருங்களா?" என்று கேட்டாள் மூன்று வீடு தள்ளி இருக்கிற கனகா.

"லாரி நல்லாத்தான் இருக்குது அம்மிணி. எனக்குத்தான் என்னமோ மறந்தாப்பல இருக்குது."

"மறந்தா மறந்துட்டுப் போகுது. எங்க சின்டெக்ஸும் காலியாத்தான் கெடக்குது."

அவ்வளவுதான் பேச்சு. வீதியில் இருந்த குடம், அண்டா, பக்கெட், குழந்தையைக் குளிப்பாட்டுகிற டப்பு எல்லாம் நிறைந்தன. ஒருத்தி அவருக்குத் தோசை ஊற்றிக் கொடுத்தாள், ஒருத்தி தன் வீட்டுக்காரருடைய லுங்கியைக் கொடுத்தாள், யாரும் அதிசயப்படவில்லை, தண்ணீர் வருவதை விட அதிசயம் எங்கள் வீதிக்கு வேறு இல்லை. மூன்றாம் நாள் எனக்குக் கயிறு பற்றாமல் போனது. வேண்டிய நீளத்தைப் போல நாலு மடங்கு வெட்டச் சொல்லி வீடியோவில் சொல்லியிருந்தார்கள், அத்தனை எதற்கு வீணாக என்று நான் இரண்டு மடங்குதான் வெட்டியிருந்தேன், எதிலும் அப்படித்தான், குறைத்து வெட்டித்தான் எனக்குப் பழக்கம். சலித்துப்போய்ப் போட்டதையெல்லாம் அவிழ்த்தேன். கடைசி முடிச்சு அவிழ்ந்ததும் வெளியே அங்கமுத்தண்ணன், "அட, வண்டி எடுக்கோணுமே," என்று எழுந்து போனார், அடுத்த வாரம் வழக்கம்போல தண்ணீரோடு வந்தார்.

அந்தக் குச்சியும் கயிறும் என் மகள் மோகனா வாங்கிக் கொடுத்தது. அவள் ஒரு கம்பெனியில் மெர்ச்சன்டைசர். துணி வாங்குகிற வெளிநாட்டு பையர்களோடு போனில் பேசிப் பேசி, தை பிறந்ததும் வியட்நாமுக்கு வேலைக்குப் போவதென்று அவளே முடிவு செய்துவிட்டு, என்னிடம் சொல்வதற்கு முன்னால் இந்தப் பெட்டியை வாங்கி வந்திருந்தாள்.

"சும்மா இருந்தா நீ என்னையே நெனச்சுட்டு உக்காந்திருப்பம்மா. கைக்கு ஒரு வேலை இருக்கட்டும்."

"அந்த ஊர்ல என்ன திம்பாங்க?"

"சோறுதாம்மா."

"கூட?"

"முதல்ல இதக் கத்துக்கோ. ஆரம்பிக்கறவங்களுக்குன்னு போட்டிருக்கு பாரு."

எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை நிறுத்திவிட்டு, பதினான்கு வயதில் கம்பெனியில் டெய்லருக்குப் பக்கத்தில் நின்று துணியை மடித்துக் கொடுக்கிற கைமடியாகச் சேர்ந்தவள் நான். நாற்பத்தேழு வயதில் ஆரம்பிக்கிறவள் என்று எனக்கு ஒரு பெயர் வந்தது இதற்குத்தான். கயிறுகளை இரண்டாக மடித்துக் குச்சியில் மாட்ட வேண்டும், நாலு நாலாகப் பிரித்துக்கொள்ள வேண்டும். நாலில் நடுவில் இருக்கிற இரண்டும் சும்மா தொங்கிக்கொண்டிருக்கும், ஓரத்தில் இருக்கிற இரண்டும்தான் குறுக்கே போய், கீழே நுழைந்து, மேலே வந்து வேலை செய்யும், கடைசியில் குட்டையாகிப் போவதும் அவைதான். பார்த்தவுடன் எனக்குப் புரிந்துவிட்டது, இருபத்தாறு வருடமாக நான் குடும்பம் நடத்திய வீடு அது. புரியாதது ஒன்றுதான். முதல் தடவை இடது கயிற்றை 4 என்கிற எண் போல வளைத்தால் அடுத்த தடவை வலது கயிற்றை வளைக்க வேண்டும், மாற்றி மாற்றிப் போட்டால்தான் பட்டையாக, நேராக வரும். கவலையில் நான் ஒரே பக்கமே போட்டுக்கொண்டு போவேன், அது முறுக்கிக்கொண்டு போகும், முறுக்கியது சீக்கிரம் அவிழாது.

லாரி போன மறுநாள், முடிச்சு அவிழ்ந்ததும் லாரி கிளம்பிய கதையை நான் சொல்லக் கேட்ட கனகா ஒரு கட்டு நாடாக் கயிற்றோடு வந்தாள். கம்பெனியில் ஸ்வெட்டருக்குக் கோர்க்கிற நாடா, தரத்தில் கழித்துப் போட்டது. "அக்கா, எங்க ஊட்டுக்காரரு பேரச் சொல்லி ஒண்ணு போடுங்க்கா," என்றாள், இட்லி மாவு இரவல் கேட்கிற குரலில். அவள் வீட்டுக்காரர் தங்கராசு சாயங்காலமானால் டிரான்ஸ்பார்மரைத் தாண்டி பாருக்குப் போகிறவர். நான் போட்டேன். அன்று சாயங்காலம் தங்கராசு சட்டை மாட்டி, தலை சீவி, டிரான்ஸ்பார்மர் வரை போய், எதையோ மறந்துவிட்ட ஆள் போல நின்று, திரும்பி வந்து வாசற்படியில் உட்கார்ந்தார்.

அதற்கப்புறம் வீதியே வந்தது. மகனைக் கட்டச் சொன்னார்கள், மருமகனைக் கட்டச் சொன்னார்கள், ரவிக்கை தைத்துத் தராமல் ஊருக்குப் போகப் பார்த்த டெய்லரைக் கட்டச் சொன்னார்கள், ஒரு மாமியார் தன் மருமகளைப் பிரசவத்துக்கு அனுப்பாமல் கட்டச் சொன்னாள், அதே மருமகள் மறுநாள் வந்து மாமியாரைத் தன்னோடு கூடவே வராதபடி கட்டச் சொன்னாள், நான் இரண்டையும் போட்டேன், இரண்டு பேரும் ஒரே வீட்டில் இருந்தார்கள். முடிச்சைச் சும்மா வைக்கக்கூடாதென்று அதில் ஒரு பூந்தொட்டியை உட்காரவைத்து அவரவர் வாசலில் தொங்கவிடுவது வழக்கமானது, தொட்டியைப் பார்த்தே அந்த வீட்டில் ஆள் கட்டப்பட்டிருப்பது தெரிந்துவிடும், கனம் கூடக் கூட இறுக்கம் கூடும் என்று சோற்றுக் கற்றாழையை விட்டுவிட்டுச் சிமெண்டுத் தொட்டிக்குப் போனார்கள். வெள்ளிக்கிழமை போடுவது நல்லதென்றார்கள், செவ்வாய்க்கிழமை பெயரை உரக்கச் சொல்லக்கூடாதென்றார்கள், இதையெல்லாம் யார் சொன்னது என்று எனக்குத் தெரியாது, நான் சொல்லவில்லை. ஆட்கள் வெளியே போக முடியாததால் கம்பெனிக்காரர்கள் தைக்க வேண்டிய பீஸ் கட்டுகளை வீதிக்கே கொண்டுவந்து கொடுத்தார்கள், சவரம் செய்கிறவர் நாற்காலியோடு வந்தார், கவுன்சிலரின் மனைவி காரில் வந்து தன் வீட்டுக்கும் ஒன்று வேண்டுமென்றாள்.

"யாரு பேருக்குங்க?" என்று கேட்டேன்.

"பேரெல்லாம் வேண்டாம். கட்டுனாப்பல இருந்தாப் போதும். அவரு தொட்டியப் பாத்துட்டு பயந்துக்குவாரு."

கேட்டவர்களெல்லாம் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். என் வீட்டுக்காரரை மட்டும் நான் கட்டவில்லை. அவர் கட்டிங் மாஸ்டர், எங்கும் போகாத மனிதர், போனாலும் வீட்டில் வித்தியாசம் தெரியாது.

ஆனால் ஒன்றைச் சொல்லவேண்டும். கட்டப்பட்டவர்கள் இருந்தார்களே தவிர, யாரோடும் இருக்கவில்லை. தங்கராசு குடியை விட்டார், கூடவே பேச்சையும் விட்டார், சாயங்காலம் முழுக்கப் படியில் உட்கார்ந்து டிரான்ஸ்பார்மரைப் பார்த்துக்கொண்டிருந்தார், சோறு வைத்தால் தின்றார், வைக்காவிட்டால் கேட்கவில்லை. மூன்று மாதம் பொறுத்த கனகா ஒருநாள் மத்தியானம், "பாருக்கே போய்த் தொலையட்டும், அங்கிருந்து வந்தாலாச்சும் நாலு வார்த்தை வைவாரு," என்று கத்தரிக்கோலை எடுத்து முடிச்சை வெட்டிவிட்டாள். அவிழ்க்கவில்லை, வெட்டினாள். தங்கராசு எழுந்து போனார், டிரான்ஸ்பார்மரைத் தாண்டினார். திரும்பி வரவேயில்லை. ஒரு வாரம் கழித்து அவரைப் பஸ் ஸ்டாப்பில் பார்த்தவர்கள், வீட்டுக்கு வாங்க என்று கூப்பிட்டதற்கு, "எந்த வீடு?" என்று மரியாதையாகக் கேட்டாராம். அன்றைக்குத்தான் வீதிக்குத் தெரிந்தது: அவிழ்த்தால் போகிறவர் வருவார், வெட்டினால் வரமாட்டார். கனகா அதன்பிறகு என் வீட்டுப் பக்கம் வரவில்லை. அந்தச் சிமெண்டுத் தொட்டி அவள் வாசலில் கவிழ்ந்தே கிடந்தது.

இதையெல்லாம் எதிர்வீட்டு வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தவர் என் நங்கை ருக்குமணி. நாத்தனாரை எங்கள் பக்கம் நங்கை என்போம், இவர் என் வீட்டுக்காரருக்கு அக்கா, புருஷனை இழந்தவர், நாக்கில் எப்போதும் ஒரு ஊசி வைத்திருப்பவர். தாலியில் முதல் முடிச்சு மாப்பிள்ளை போட்டால் மற்ற இரண்டும் நங்கை போடுவது முறை, என் கழுத்தில் இரண்டைப் போட்டது இவர்தான். போடும்போது என் காதருகே குனிந்து, கெட்டிமேளச் சத்தத்தில், "இழுத்தா அந்துரும் புள்ள," என்று சொன்னார். அந்துவிடும், அறுந்துவிடும் என்று. மணவறையில் உட்கார்ந்த பெண்ணிடம் சொல்கிற வார்த்தையா அது. அந்த நிமிடம் தொடங்கிய கவலைதான் எனக்கு. மூன்றாம் மாதம் தாலியைக் கொடியில் கோர்த்தபோது, மஞ்சள் சரட்டை முன்பக்கம் கத்தரித்துத் தாலியை உருவிக்கொண்டார்கள், பின்கழுத்து முடிச்சு மூன்றும் அப்படியே இருந்தன. ஆற்றில் விடச் சொன்ன அந்தச் சரட்டை, எங்கே தண்ணீர் இழுத்து அந்துவிடுமோ என்று விடாமல், ஒரு பவுடர் டப்பாவில் போட்டு பீரோவுக்குள் வைத்துவிட்டேன்.

எனக்கும் ஒருதரம் போகத் தோன்றியிருக்கிறது. மோகனா ஒரு வயதுக் குழந்தை. அன்று என்ன நடந்தது என்பது இப்போது முக்கியமில்லை, என் ஒரு கன்னத்தில் விரல் பதிந்திருந்தது, அவ்வளவுதான். குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, பையில் நாலு துணியோடு, தாராபுரத்தில் இருந்த என் அம்மா வீட்டுக்குப் போக டிரான்ஸ்பார்மர் வரை நடந்தேன். அங்கே அடுப்பில் பால் வைத்திருப்பது ஞாபகம் வந்தது. திரும்பி வந்தேன். அடுப்பில் பால் இல்லை. ஆகவே அங்கமுத்தண்ணன் தலையைச் சொறிந்துகொண்டு திரும்பி வந்தபோது வீதியிலேயே அந்த முகத்தை அடையாளம் தெரிந்துகொண்டவள் நான் ஒருத்திதான்.

தை நெருங்க நெருங்க நங்கை எதிர்வீட்டிலிருந்து கேட்க ஆரம்பித்தார்.

"ஏன் துளசி, உன்ற புள்ளைக்கு எப்பப் போடப் போறே?"

"என்ற புள்ளைய நான் கட்டமாட்டனுங்க."

"கை அரிக்குமே."

"வாயிருக்குதுன்னு பேசாதீங் நங்கை."

கட்டக்கூடாதென்று நான் சத்தியமாக நினைத்திருந்தேன். அவள் பெயர் வாயில் வரும்போது கயிறு கையில் இருக்கக்கூடாதென்று கவனமாக இருந்தேன், சமையலறையில் அவளை நினைப்பேன், ஜன்னலோரம் மற்றவர்களை நினைப்பேன். கிளம்புவதற்கு இரண்டு நாள் முன்னால் அவள் பெட்டியை அடுக்கினாள். நான் கொடுத்த பருப்புப் பொடியை வெளியே எடுத்து வைத்துவிட்டு அந்த இடத்தில் ஒரு ஜோடி ஷூவை வைத்தாள். கேட்டிருந்தால், எடை கூடுதும்மா என்று சொல்லியிருப்பாள், அது உண்மையாகவும் இருந்திருக்கும். நான் கேட்கவில்லை. ஜன்னலருகே போய் நாலு கயிறு மாட்டினேன், மோகனா போகக்கூடாது என்று ஒவ்வொரு முடிச்சுக்கும் முழுசாகச் சொன்னேன், தெரிந்தே ஒரே பக்கமாகப் போட்டேன், இருபத்தாறு முடிச்சு, எனக்குக் கல்யாணமாகி எத்தனை வருடமோ அத்தனை. தொட்டியில் துளசிச் செடி வைத்துக் கொல்லைப்புறம் மாட்டித் தண்ணீர் ஊற்றினேன். நனைந்த பருத்திக் கயிறு எப்படி இறுகும் என்று கைமடிக்குத் தெரியாதா.

கிளம்புகிற அன்று அவள் டிரான்ஸ்பார்மர் வரை போய் சார்ஜரை மறந்துவிட்டதாகத் திரும்பி வந்தாள். சார்ஜர் பையிலேயே இருந்தது. மறுபடி போய் ஆதார் கார்டு என்று வந்தாள், மறுபடி போய் கேஸ் மூடினேனா என்று வந்தாள், அவள் எந்தக் காலத்தில் கேஸைத் தொட்டாள். ஆறாவது தடவை விமானம் போய்விட்டது. பெட்டியை நடுவீட்டில் வைத்து அதன்மேல் உட்கார்ந்து என்னைப் பார்த்தாள்.

"போட்டுட்டயாம்மா?"

"நானெதுக்குப் போடறேன்."

அவள் திட்டவில்லை, அழவில்லை. அதற்குப் பிறகு பேசவும் இல்லை. வைத்தால் தின்றாள். நான் அவளுக்குப் பிடித்ததெல்லாம் செய்தேன், அரிசிம்பருப்புச் சோறு, கொள்ளு வடிசாறு, நெய் விட்ட ஒப்பிட்டு, அவள் தின்றுவிட்டுத் தட்டைக் கழுவி வைத்துவிட்டு ஜன்னலருகே போய் டிரான்ஸ்பார்மரைப் பார்த்தாள். வீதியில் எல்லாருக்கும் தெரிந்திருந்தது, யாரும் கேட்கவில்லை, ஒருத்தி மட்டும், "நல்லதாப் போச்சுங்க்கா, அத்தனை தூரம் எதுக்கு," என்றாள். அந்த மாதத்தில் எனக்குக் கவலையே இருக்கவில்லை என்பதை எழுதத்தான் வேண்டும். மகள் எங்கே என்று தெரியும், தின்றாளா என்று தெரியும். அவள் பிறந்த இந்த இருபத்தைந்து வருடத்தில் அந்த ஒரு மாதம்தான் நான் நன்றாகத் தூங்கினேன்.

பிறகு அவளுடைய கம்பெனி இன்னொரு தேதி கொடுத்தது. திங்கட்கிழமை காலை கிளம்பினால் சரி, இல்லாவிட்டால் வேறு ஆள். சனிக்கிழமை சாப்பிடும்போது இதை என்னிடம் சொல்லாமல் தட்டைப் பார்த்துச் சொன்னாள், சொல்லிவிட்டு, "எனக்கு அடுப்புல பால் வெச்ச மாதிரியே இருக்கும்மா, எப்பப் பார்த்தாலும்," என்றாள்.

நான் எழுந்து கொல்லைக்குப் போனேன். தொட்டியை இறக்கி முடிச்சில் நகத்தை வைத்தேன். ஒரு மாதத் தண்ணீரில் இருபத்தாறும் ஒன்றாகிப் போயிருந்தன, புளியங்கட்டை போல. நகம் பெயர்ந்தது. ஊக்கால் குத்தினேன், கோணி ஊசியால் குத்தினேன், பல்லால் கடித்தேன், எண்ணெய் விட்டேன், வெயிலில் காயவைத்தேன். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வரை இரண்டு முடிச்சுதான் வந்தது. கயிற்றை எடுத்துக்கொண்டு, இருபத்தாறு வருடத்தில் நானாகக் கேட்காத ஒன்றைக் கேட்க, எதிர்வீட்டுக்குப் போனேன்.

"நங்கை, இதை அவுக்கறதுக்கு வழி தெரியுங்களா?"

அவர் வாங்கிக் கண்ணருகே வைத்துப் பார்த்தார். "இப்படியா போடுவாங்க புள்ளைக்கு. எருமையக் கட்டற கட்டு." திருப்பிக் கொடுத்தார். "போடறப்பவே அவுக்கற மாதிரி போடோணும். உனக்கு நான் போட்டாப்பல."

"எனக்கு எப்படிப் போட்டீங்க?"

"உருவாஞ்சுருக்கு. ஒரு முனைய இழுத்தா வந்துரும்."

எனக்கு அவர் சொன்னது காதில் விழுந்தது, உள்ளே போக நேரமாயிற்று.

"இழுத்தா அந்துரும்னு சொன்னீங்க."

"ஆரு? நானா? வந்துரும்னு சொன்னேன். கல்யாணத்தன்னிக்கு அந்துரும்னு சொல்ல எனக்கென்ன கிறுக்கா? என்ற தம்பியப் பத்தி எனக்குத் தெரியாதா. எனக்குப் போட்டவ இறுக்கிப் போட்டுட்டா, அதை அவுக்கறதுக்குள்ள அந்த மனுஷனே போய்ச் சேர்ந்துட்டாரு. உனக்காச்சும் இருக்கட்டுமேன்னு போட்டு, காதுலயும் சொன்னேன். நீ இழுத்தே பாக்கல. செரி, இவளுக்கு இங்கயே புடிச்சுப்போச்சாட்ட இருக்குதுன்னு நெனச்சுட்டேன்."

"புடிச்சுப்போச்சுன்னா?"

"பின்ன, பையத் தூக்கிட்டு டிரான்ஸ்பார்மர் வரைக்கும் போயிட்டு நீயாத்தான திரும்பி வந்தே. இங்க உக்காந்து பாத்துட்டுத்தான இருந்தேன்."

வீட்டுக்கு வந்து பீரோவைத் திறந்து பவுடர் டப்பாவை எடுத்தேன். சரடு மஞ்சள் போய்ப் பழுப்பாகியிருந்தது. முடிச்சிலிருந்து நீட்டிக்கொண்டிருந்த முனையைப் பிடித்து இழுத்தேன், மெதுவாகத்தான் இழுத்தேன், இரண்டும் ஒன்றன்பின் ஒன்றாக உருவிக்கொண்டு வந்தன, அடியில் இருந்த மூன்றாவது, என் வீட்டுக்காரர் போட்டது, முடிச்சே இல்லை, வெறுமனே சுற்றிவிட்ட ஒரு சுற்று. மஞ்சள் தூள் கொஞ்சம் மடியில் உதிர்ந்தது. வாசலுக்குப் போய் டிரான்ஸ்பார்மரைப் பார்த்தேன். இப்போதும் போகலாம். தாராபுரத்தில் அம்மா இல்லை, அந்த வீட்டையும் இடித்துவிட்டார்கள்.

திங்கட்கிழமை விடிந்தபோது இருபத்தாறில் ஐந்து அவிழ்ந்திருந்தது. மோகனா குளித்துவிட்டு வந்து, பெட்டியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, என் எதிரில் தரையில் உட்கார்ந்தாள். என் விரல்களில் சுற்றியிருந்த துணியைப் பார்த்தாள். நேரத்தைப் பார்த்தாள். எழுந்து போய்த் தையல் மிஷினிலிருந்து கத்தரிக்கோலை எடுத்து வந்து என் முன்னால் வைத்தாள்.

"தங்கராசு மாமா மாதிரி ஆயிருவேனாம்மா?"

"தெரியல கண்ணு."

"நான் வெட்டட்டுமா?"

"வேண்டாம். நான் போட்டது."

வெட்டுவதற்கு முன்னால் அவளிடம் சொல்லவேண்டியதையெல்லாம் சொல்லிவிட நினைத்தேன், எதைச் சொன்னாலும் மறக்கப் போகிறவளிடம் எதைச் சொல்வதென்று தெரியாமல், "பருப்புப் பொடிய எடுத்துக்கோ," என்றேன். எடுத்துக்கொண்டாள். பிறகு வெட்டினேன். பருத்திக் கயிறு கத்தரிக்கோலுக்கு ஒன்றுமே இல்லை.

அவள் கண்ணில் இருந்த அந்த மறதி போய்விட்டது. பளிச்சென்று எழுந்தாள், அந்நியர் வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடித்தவள் போல என்னைப் பார்த்துச் சிரித்து, "வர்றேங்க," என்றாள். 'ங்க' போட்டாள். பெட்டியை இழுத்துக்கொண்டு நடந்தாள். நங்கை நாற்காலியிலிருந்து எழுந்து நின்றார், கனகா வாசலுக்கு வந்தாள், ஒவ்வொரு தொட்டிக்குக் கீழேயும் ஒரு ஆள் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். டிரான்ஸ்பார்மருக்கு அருகில் அவள் நின்றாள்.

ஏதாவது ஞாபகம் வந்திருக்கும், அடுப்பு, பால், நான், ஏதாவது.

குனிந்தாள். ஷூ லேஸ் அவிழ்ந்திருந்தது. இரண்டு காது வைத்து, ஒரு முனையை இழுத்தால் வந்துவிடுகிற மாதிரி முடிச்சுப் போட்டுக்கொண்டு, எழுந்து போனாள்.